திரும்பிப் போக மறந்தவர்களும் திருப்பி அனுப்பப்பட்டவர்களும்

(தெரணியகலையில் தோட்டத் தொழிலாளர் குடும்பங்களின் ஒன்றுகூடலில், படக் காட்சிக்கு முன்பாக ஆற்றிய உரை)



சங்கக் கூட்டம் என்றால் சம்பள உயர்வு, அரைப்பேர், ஒழுகுகிற கூரை, சேமலாப நிதி என்று பேசித்தான் நமக்குப் பழக்கம். இன்றைக்கு என்னைச் சினிமாவைப் பற்றிப் பேசச் சொல்லியிருக்கிறார்கள். விடிய முன்னம் எழும்பி, பால் வெட்டி, பாலைச் சேர்த்து நிறுத்துக் கொடுத்துவிட்டுக் களைத்துப்போய் வந்திருக்கிறீர்கள். அதனால் சுற்றி வளைக்காமல் விஷயத்துக்கு வருகிறேன்.

பிழைப்புக்காகக் கடல் தாண்டி வந்த மக்களின் கதையை அந்த மக்களே சொன்னால் அது ஒரு மாதிரி இருக்கும். மற்றவர்கள் சொன்னால் வேறு மாதிரி இருக்கும். யாருமே சொல்லாவிட்டால், அப்படி ஒரு மக்கள் இருந்ததாகவே கணக்கில் வராது. கேகாலை, இரத்தினபுரி மாவட்டங்களின் றப்பர் மலைகளில் இருக்கிற நாம், அந்த மூன்றாவது நிலைக்குக் கிட்டத்தில் நிற்கிறோம். அதைத்தான் இன்று பேச வந்தேன்.

முதலில் தூரத்து நாட்டுக் கதை ஒன்று சொல்கிறேன். கேட்டால் நம் கதை மாதிரியே இருக்கும்.

1961 ஒக்டோபர் 30ஆம் திகதி ஜேர்மனியும் துருக்கியும் ஓர் உடன்படிக்கை செய்துகொண்டன. ஜேர்மனியில் தொழிற்சாலைகள் நிறைய, ஆள் போதாது. துருக்கியில் ஆள் நிறைய, வேலை போதாது. இஸ்தான்புல் நகரத்தில் ஆள் எடுக்கிற அலுவலகம் திறந்தார்கள். போனவர்களை வரிசையில் நிறுத்தி, வாயைத் திறக்கச் சொல்லிப் பல்லைப் பார்த்தார்கள், உடம்பைச் சோதித்தார்கள். தேறியவர்களை ரயில் ஏற்றி மியூனிக் நகரத்துக்கு அனுப்பினார்கள். அங்கிருந்து சுரங்கத்துக்கும் இரும்பாலைக்கும் கார் தொழிற்சாலைக்கும் பிரித்துவிட்டார்கள். மண்டபம் முகாமில் நம் பாட்டன் பூட்டனைச் சோதித்து, தோட்டம் தோட்டமாகப் பிரித்து அனுப்பிய கதையை வீட்டில் கேட்டவர்களுக்கு இது புதிதாக இருக்காது.

அந்தத் துருக்கியருக்கு ஜேர்மனியில் வைத்த பெயர் ‘விருந்தாளித் தொழிலாளி’. விருந்தாளிக்கு யாராவது இரவு வேலை கொடுப்பார்களா? விருந்தாளி என்றால் சாப்பிட்டு முடித்ததும் எழும்பிப் போக வேண்டும், அதுதான் அந்தப் பெயரின் அர்த்தம். இரண்டு வருடத்துக்கு மேல் தங்கக்கூடாது என்றுதான் முதலில் சட்டம் வைத்தார்கள். வேலை பழகியவனை அனுப்பிவிட்டுப் புதியவனுக்குப் பழக்குவது முதலாளிமாருக்கு நட்டமாக இருந்தது. ஆகவே 1964இல் அந்தக் கட்டுப்பாட்டை எடுத்துவிட்டார்கள். 1973இல் புதிதாக ஆள் எடுப்பதை நிறுத்தினார்கள். அதற்குள் ஆட்கள் வேரூன்றிவிட்டார்கள். மனைவிமார் வந்தார்கள், பிள்ளைகள் பிறந்தார்கள்.

அதே 1973 ஓகஸ்டில், கொலோன் நகரத்து போர்ட் கார் தொழிற்சாலையில், விடுமுறைக்கு ஊருக்குப் போய்ப் பிந்தி வந்தார்கள் என்று முந்நூறு பேரளவில் துருக்கித் தொழிலாளரை வேலையால் நிறுத்தினார்கள். ஆயிரக்கணக்கானவர்கள் வேலைநிறுத்தம் செய்தார்கள். பெரிய தொழிற்சங்கம் அவர்கள் பக்கம் நிற்கவில்லை. பொலிசார் வந்து போராட்டத்தை உடைத்தார்கள். சங்கத்துக்காரர்களான நாம் மனதில் வைத்துக்கொள்ள வேண்டிய சங்கதி அது.

அப்படிப் போன ஒரு குடும்பத்தில், ஹம்பேர்க் நகரத்தில், 1973இல் ஒரு பையன் பிறந்தான். பெயர் ஃபாத்திஹ் அக்கின். வளர்ந்து சினிமா எடுக்கிறவரானார். 2004இல் அவர் எடுத்த படம் பெர்லின் திரைப்பட விழாவில் முதற்பரிசான தங்கக் கரடி விருதை வாங்கியது. அந்தப் பரிசுக்கு மூன்று வருடம் முன்பு, 2001இல், அவர் தன் குடும்பத்தைப் பற்றி ஓர் ஆவணப்படம் எடுத்திருந்தார். தாயையும் தகப்பனையும் உட்காரவைத்துக் கமராவை வைத்துக் கேட்டார்: ஏன் வந்தீர்கள், ஏன் திரும்பிப் போகவில்லை? அந்தப் படத்தின் பெயரைத் தமிழில் சொன்னால், ‘நாங்கள் திரும்பிப் போக மறந்துவிட்டோம்.’

அந்தப் பெயரைக் கொஞ்சம் யோசித்துப் பாருங்கள். ஒரு நாட்டைவிட்டுப் போவதை யாராவது மறப்பார்களா? ஆனால் வாழ்க்கை அப்படித்தான் நடக்கிறது. இந்தக் கடனைக் கட்டிவிட்டுப் போவோம், இந்தப் பிள்ளையைக் கரைசேர்த்துவிட்டுப் போவோம் என்று நாள் போகும். ஒருநாள் திரும்பிப் பார்த்தால், பிள்ளை பிறந்த மண்ணும் பெற்றவரைப் புதைத்த மண்ணும் இதுவாகவே இருக்கும். பிறகு எங்கே போவது?

இன்னொருவர் ஜெம் காயா. அவரும் ஜேர்மனியில் பிறந்த துருக்கியர். 2022இல் அவர் எடுத்த ஆவணப்படம், அந்தத் தொழிலாளிகள் பாடிய பாட்டுகளைப் பற்றியது. ஆலையில் பட்ட பாட்டையும் ஊரின் நினைப்பையும் பாட்டாகப் பாடி ஒலிநாடாவில் பதிந்து, மளிகைக் கடைகளில் விற்றார்கள். லட்சக்கணக்கில் விற்பனையானது. அடுத்த வீட்டு ஜேர்மன்காரருக்கு அப்படி ஒன்று நடந்ததே தெரியாது. அந்தப் பழைய நாடாக்களையும் படச்சுருள்களையும் தேடி எடுத்துப் படமாக்கியபோதுதான், இந்த நாட்டில் இப்படி ஒரு இசை இருந்ததா என்று ஊர் கேட்டது.

ஜேர்மனியில் அவர்களைத் ‘துருக்கிக்காரன்’ என்பார்கள். விடுமுறையில் ஊருக்குப் போனால் அங்கே ‘அல்மான்ஜி’, அதாவது ஜேர்மன்காரன் என்று கேலி செய்வார்கள். இங்கேயும் இல்லை, அங்கேயும் இல்லை.

இப்போது நம் வீட்டுக்கு வருவோம்.

அந்த உடன்படிக்கை நடந்தது 1961 ஒக்டோபர் 30. சரியாக மூன்று வருடம் கழித்து, 1964ஆம் ஆண்டு அதே ஒக்டோபர் 30ஆம் திகதி, புதுடில்லியில் சிறிமாவோவும் சாஸ்திரியும் கையெழுத்துப் போட்டார்கள். 1948இல் பிரஜாவுரிமை பறிக்கப்பட்டு நாடற்றவர்களாக நின்ற நம் மக்கள் 975,000 பேர் என்று கணக்கெடுத்து, 525,000 பேர் இந்தியாவுக்கு, 300,000 பேர் இலங்கைக்கு, மிச்சம் 150,000 பேரைப் பிறகு பார்க்கலாம் என்று எழுதினார்கள். அந்த மிச்சத்தையும் 1974இல் பாதி பாதியாகப் பிரித்தார்கள். அந்தக் கணக்கில் இருந்த யாரையும் கூப்பிட்டு, உனக்கு எங்கே இருக்க விருப்பம் என்று கேட்டுவிட்டு அந்தத் தொகை எழுதப்படவில்லை.

துருக்கிக்காரர் திரும்பிப் போக மறந்தார்கள். நம்மில் பாதிப்பேருக்கு மறக்கவும் விடவில்லை. திருப்பி அனுப்பினார்கள்.

தலைமன்னாரில் கப்பல் ஏறியவர்கள் இராமேஸ்வரத்தில் இறங்கினார்கள். தனுஷ்கோடியில் இறங்க முடியாது. உடன்படிக்கை எழுதி இரண்டு மாதத்துக்குள், 1964 டிசெம்பர் புயலில் அந்த ஊர் அழிந்துபோனது. இறங்கியவர்களில் பலரை முதலில் தங்கவைத்த இடம் எது? மண்டபம் முகாம். பாட்டனைச் சோதித்து இலங்கைக்கு அனுப்பிய அதே முகாமில் பேரனைத் தங்கவைத்தார்கள்.

அங்கிருந்து நீலகிரிக்கு, கூடலூர், கோத்தகிரிப் பக்கம் தேயிலைக்குப் போனவர்கள் பலர். றப்பர் பழகியவர்களை எங்கே அனுப்பினார்கள் தெரியுமா? கேரளத்தில் புனலூர்ப் பக்கம், இலங்கையிலிருந்து வருகிறவர்களுக்கென்றே 1976இல் ஒரு றப்பர்த் தோட்டக் கம்பனி தொடங்கினார்கள். கர்நாடகத்தில் சுள்ளியா, புத்தூர்ப் பக்கம் றப்பர் போட்டார்கள். நிக்கோபார்த் தீவுகளில் கச்சால் என்ற தீவுக்குக்கூட றப்பருக்காகக் கொண்டுபோனார்கள். இந்த மலைகளில் பால் வெட்டப் பழகிய கை அங்கேயும் பால் வெட்டியது. கத்தி ஒன்று, மரம் ஒன்று, நாடு மட்டும் வேறு.

இங்கே நமக்கு ‘இந்தியாக்காரன்’ என்று பெயர். அங்கே போனவர்களுக்கு ‘சிலோன்காரன்’ என்று பெயர். அல்மான்ஜி என்ற சொல் நமக்கு ஏன் விளங்குகிறது என்று இப்போது தெரிகிறதா?

சரி, இதையெல்லாம் யார் படம் எடுத்தார்கள்? ஒன்றுமே இல்லை என்று சொன்னால் அது பொய்.

முதலில் பெருமையாகச் சொல்ல வேண்டியவர் ஒரு தொழிற்சங்கவாதி. வி.பி. கணேசன். தொழிலாளர்களுக்காகச் சங்கம் நடத்தியவரே தயாரித்து நடித்த ‘புதிய காற்று’ 1975இல் வெளியானது. எஸ். இராமநாதன் இயக்கினார். தோட்டத் தொழிலாளரின் வாழ்க்கையைக் கதையாக வைத்து இந்த நாட்டில் எடுத்த தமிழ்ப்படம். தமிழ்நாட்டுப் படங்களோடு போட்டிபோட்டு இலங்கைத் தமிழ்ப்படம் ஓடுவது கஷ்டமாக இருந்த காலம் அது. அதற்குப் பிறகும் அவர் ‘நான் உங்கள் தோழன்’, ‘நாடு போற்ற வாழ்க’ என்று படம் எடுத்தார். சினிமாவுக்கும் சங்கத்துக்கும் என்ன சம்பந்தம் என்று யாராவது கேட்டால், அவர் பெயரைச் சொல்லுங்கள்.

கடலுக்கு அந்தப் பக்கம், திருப்பி அனுப்பப்பட்ட மலையகத் தமிழரின் வாழ்க்கையைத் தவமுதல்வன் ‘பச்சை ரத்தம்’ என்ற ஆவணப்படமாக எடுத்தார்.

இன்னொருவர் சுமதி சிவமோகன். யாழ்ப்பாணத்துப் பெண், பேராதனைப் பல்கலைக்கழகத்தில் ஆங்கிலப் பேராசிரியராகப் பணியாற்றியவர். 2013இல் மலையகத் தமிழரைப் பற்றி ஒரு முழுநீளப் படம் எடுத்தார். பெயர் ‘இங்கிருந்து’. அந்த ஒரு சொல்லே போதும். எங்கிருந்து வந்தாய் என்றுதானே நம்மைக் காலங்காலமாகக் கேட்கிறார்கள்? பதில் ‘இங்கிருந்து’. அவரே பிற்பாடு, 1990 ஒக்டோபரில் வடக்கிலிருந்து வெளியேற்றப்பட்ட முஸ்லிம் மக்களைப் பற்றி, மன்னார் மாவட்டத்துப் பாலைக்குழிக் கிராமத்துக்குப் போய் ஆவணப்படம் எடுத்தார். தான் பிறந்த சமூகம் செய்த அநியாயத்தையும் கமராவுக்கு முன் கொண்டுவருகிறவருக்குத்தான் மற்றவர் கதையைச் சொல்லும் உரிமை இருக்கிறது என்பது என் எண்ணம்.

இந்தப் படங்களை மதிக்கிறேன். ஆனால் ஒரு குறையை உங்களிடம் சொல்லாமல் இருக்க முடியாது. மலையகம் என்று யார் படம் எடுத்தாலும், யார் புத்தகம் போட்டாலும், அட்டையில் தேயிலைதான் வரும். கொழுந்துக் கூடை, பனி, ஹட்டன், நுவரெலியா. பால் வாளியும் சிரட்டையும் ஒட்டுப்பாலும் எங்கே? மழை பிடித்தால் பட்டையில் ஈரம், வெட்ட முடியாது, பேர் இல்லை. தெரணியகலையில் மழை எத்தனை நாள் பிடிக்கும் என்று உங்களுக்கு நான் சொல்லத் தேவையில்லை. இந்த வாழ்க்கை எந்தப் படத்தில் வந்திருக்கிறது?

நம் கதை வேறு விதமானது. 1902இல் அவிசாவளைக்கும் அடுத்த வருடம் எட்டியாந்தோட்டைக்கும் ரயில் வந்தது. அந்தக் காலத்தில்தான் களனிப் பள்ளத்தாக்கு முழுவதும் றப்பர் ஏறியது. நம் லயங்கள் ஒரே தொடராக இல்லை. இங்கே பத்துக் குடும்பம், நடுவில் சிங்களக் கிராமம், அதற்கப்பால் இருபது குடும்பம். அக்கம்பக்கத்தில் நல்ல உறவும் இருந்தது. கெட்ட காலமும் வந்தது. 1977 ஓகஸ்டிலும் 1981 ஓகஸ்டிலும் சப்ரகமுவைத் தோட்டங்களில் என்ன நடந்தது என்பது இங்கே உட்கார்ந்திருக்கிற பெரியவர்களுக்குத் தெரியும். அன்றைக்குக் காட்டில் ஒளிந்தவர்கள் உண்டு. வீட்டுக்குள் வைத்துக் காப்பாற்றிய சிங்களக் குடும்பங்களும் உண்டு. இரண்டையும் சொல்ல வேண்டும். பயந்து வவுனியாவுக்கும் கிளிநொச்சிக்கும் போனவர்கள், பிறகு அங்கே யுத்தத்தில் அகப்பட்டார்கள். இந்தியாவிலிருந்து ஒரு பயணம், இங்கிருந்து வடக்குக்கு ஒரு பயணம், அங்கிருந்து முகாமுக்கு ஒரு பயணம். ஒரு குடும்பத்துக்கு எத்தனை தரம்தான் மூட்டை கட்டுவது?

இன்றைக்கும் மூட்டை கட்டுவது நிற்கவில்லை. தம்பிமார் கொழும்புக் கடைகளில். தங்கச்சிமார் சீதாவாக்கை வலயத்து ஆடைத் தொழிற்சாலையில். தாய்மார் வளைகுடா நாட்டு வீடுகளில். பக்கத்தில் உயர்வகுப்புத் தமிழ்ப் பள்ளிக்கூடம் இல்லாததால் பிள்ளைகள் பலர் சிங்களத்தில் படிக்கிறார்கள். சிங்களம் படிப்பது நல்லது, தடுக்கக்கூடாது. ஆனால் அந்தப் பிள்ளைக்கு அப்பாயி பாடிய தாலாட்டு விளங்காமல் போனால், அந்த வீட்டில் ஏதோ ஒன்று அறுந்துபோகிறது.

இது வெறும் மனவருத்தச் சங்கதி என்று நினைக்காதீர்கள். 2012 சனத்தொகைக் கணக்கெடுப்பில் நம் மக்கள் நூற்றுக்கு 4.1 பேர். 2024இல் 2.8 பேர். நாம் அவ்வளவு பேரும் செத்துப்போகவில்லை. பலர் வேறு கட்டத்தில் பதிந்திருக்கிறார்கள். யார் எந்தக் கட்டத்தில் பதிவது என்பது அவரவர் உரிமை. ஆனால் தொகை குறைந்தால் ஆசிரியர் நியமனமும் வீட்டுத் திட்டமும் பிரதிநிதித்துவமும் குறையும். தான் யார் என்று தெரிந்து ஒருவர் பதிவது வேறு. யாருமே சொல்லித் தராததால் எதையோ பதிவது வேறு.

ஆகவே இன்றைய வேலையைச் சொல்கிறேன். ஃபாத்திஹ் அக்கின் கமரா வாங்கக் காசு தேட வேண்டியிருந்திருக்கும். இங்கே இருக்கிற பிள்ளைகள் அநேகமாக எல்லோர் கையிலும் போன் இருக்கிறது. 1964இல் பத்து வயதாக இருந்தவர் இன்றைக்கு எழுபதைத் தாண்டியவர். அடுத்த மழைக்காலம் வரை அவர் இருப்பார் என்று யாரும் எழுதித் தர முடியாது.

உங்கள் வீட்டுத் தாத்தாவை, அப்பாயியை, அம்மாயியை உட்காரவைத்துக் கேளுங்கள். ‘உங்கள் வரலாற்றைச் சொல்லுங்கள்’ என்று கேட்டால், எனக்கு என்ன தம்பி தெரியும் என்று எழும்பிப் போய்விடுவார்கள். சின்னதாகக் கேளுங்கள். முதல் நாள் பெரட்டுக்குப் போனபோது என்ன வயது? யார் கத்தி பிடிக்கப் பழக்கினது? இந்த மலைக்கு ஏன் இந்தப் பெயர்? கப்பலேறிய தங்கச்சியிடமிருந்து கடைசியாக எப்போது கடிதம் வந்தது? ஒன்றைத் தொட்டால் அதுவாகவே வரும். குறுக்கே பேசாதீர்கள். அழுதால் நிறுத்திவிடுங்கள். பதியலாமா, மற்றவர்களுக்குக் காட்டலாமா என்று முதலிலேயே கேளுங்கள். வேண்டாம் என்றால் விட்டுவிடுங்கள். சங்கத்துக்காகக்கூட யாரையும் வற்புறுத்தக்கூடாது.

பெண்களிடம் தனியாகக் கேளுங்கள். ஆம்பிளைகளைக் கேட்டால் துரை, கங்காணி, வேலைநிறுத்தம் என்று சொல்வார்கள். பிள்ளைக்காம்பராவில் விட்ட பிள்ளையை நினைத்துக்கொண்டே பால் வெட்டியது, லயத்து மூலையில் பிள்ளை பெற்றது, எந்தச் சாவுக்கு எந்த ஒப்பாரி பாடியது, இதெல்லாம் அவர்களிடம்தான் இருக்கிறது. சி.வி. வேலுப்பிள்ளை நம் மக்களின் பாடல்களைத் தேடிச் சேர்த்துப் புத்தகமாக்கினார். அவர் 1947இல் பாராளுமன்றத்துக்குத் தெரிவானவர். அப்படிப்பட்டவருக்கே அது மதிப்பான வேலையாக இருந்தது. பதியாமல் போன பாட்டு இந்த றப்பர் மலைகளில் இன்னும் எத்தனையோ!

கடதாசிகளையும் பாருங்கள். தகரப்பெட்டிக்குள் மடித்து வைத்த பிறப்புச் சான்றிதழ், பழைய துண்டு, பிரஜாவுரிமைப் பத்திரம், இந்தியாவுக்குப் பதிந்த கடதாசி, ஸ்டூடியோவில் எடுத்த கலியாணப் படம். எல்லாவற்றையும் போனில் படம் பிடித்து, படத்தில் இருப்பவர்களின் பெயரை எழுதி, இரண்டு இடத்தில் வையுங்கள். 2016 மே மாதம் அரநாயக்கவிலும் புளத்கொஹுபிட்டியவிலும் மண் சரிந்தபோது உயிரோடு சேர்த்து இவையும்தான் புதைந்தன. இதில் உடனடி லாபமும் இருக்கிறது. பிறப்புச் சான்றிதழில் ஒரு பெயர், செக்ரோலில் ஒரு பெயர், அடையாள அட்டையில் இன்னொரு பெயர் என்று இருப்பதால் சேமலாப நிதி எடுக்க முடியாமல் அலைகிறவர்கள் எத்தனை பேர்? எழுதியவர் காதில் விழுந்தபடி எழுதிய பெயர் அது. குடும்பக் கதையும் கடதாசியும் கையில் இருந்தால், அந்த வழக்கைச் சங்கம் எடுத்துப் பேசுவது சுலபம்.

ஜேர்மனி 2000ஆம் ஆண்டில் சட்டத்தை மாற்றி, அங்கே பிறக்கும் வெளிநாட்டார் பிள்ளைகள் பலருக்குப் பிறப்பிலேயே குடியுரிமை கொடுத்தது. இலங்கை 2003இல் சட்டம் கொண்டுவந்து, நம்மில் நாடற்றவர்களாக மிஞ்சியிருந்தவர்களைப் பிரஜைகள் ஆக்கியது. இரண்டும் தானாக வரவில்லை. கேட்டுக் கேட்டு, போராடிப் போராடி வாங்கியவை. 2023இல் தலைமன்னாரிலிருந்து மாத்தளைக்கு, முன்னோர் வந்த பாதையில் நம் மக்கள் நடந்தார்களே, அதுவும் அந்தக் கேள்வியின் தொடர்ச்சிதான். கடதாசியில் பிரஜையாகிவிட்டோம். காணிக்கும் வீட்டுக்கும் சொந்தக்காரர் ஆகிறவரை அந்த நடை முடியாது. நூறு வருடம் இந்த மலையில் உழைத்தோம் என்று சொல்லிக் காணி கேட்கும்போது, அதற்கு என்ன அத்தாட்சி என்று ஒருவன் கேட்பான். அத்தாட்சி உங்கள் வீட்டுத் திண்ணையில் வெற்றிலை இடித்துக்கொண்டு இருக்கிறது. அதைப் போனில் பதியுங்கள்.

பதிந்ததைச் சங்கக் காரியாலயத்துக்குக் கொண்டுவாருங்கள். சேர்த்து வைப்போம். நம் பிள்ளைகளில் ஒருவர் நாளைக்குப் படம் எடுக்க வருவார். அவருக்குத் தேவையானதை நாம் இப்போதே சேர்த்து வைத்திருக்க வேண்டும்.

இனி விளக்கை அணைக்கட்டும், படத்தைப் பார்ப்போம்.